தம்பிக்கு, அப்பா எழுதறது

தம்பி, நல்லபடியா வந்து சேர்ந்துட்டேன்னு போன்ல சொன்னதுதான். போன்ல உன்கிட்ட பேச வேண்டியது எதையும் பேச முடியறதில்ல, நீ "சொல்லுங்கப்பா, சொல்லுங்கப்பா"ங்கற, எனக்கு வாய் வரைக்கும் வந்தது மறந்துபோயி சாப்டியான்னு கேட்டுட்டு வச்சுடறேன். அதான் உக்காந்து டைப் பண்றேன். ஒத்தை விரல்தான், தப்பிருந்தா கண்டுக்காத.

அம்மாவுக்கு மூட்டுவலி பரவாயில்ல. அப்பாயி உன்னை கேட்டுது. கொல்லைப்பக்கத்து சுவர் வேலையை நிறுத்தி வச்சிருக்கேன், அதுக்குன்னு நீ பணம் அனுப்ப வேண்டாம், இந்த மாசமும் வேண்டாம், அடுத்த மாசமும் வேண்டாம், பென்ஷன்லயே தாராளமா ஓடுது. தஞ்சாவூர் வரனையும் தை வரைக்கும் தள்ளிப் போடச் சொல்லிட்டேன். ஏன்னு அம்மா குடைஞ்சா, ஜாதகத்துல ஏதோ இடிக்குதுன்னு சொல்லி வச்சிருக்கேன், நீயும் அதையே சொல்லு. நேரத்துக்கு சாப்பிடு.

இத்தாலியில உன் லூக்கா ஊரை சுத்திப் பார்த்த கதையை இங்க எல்லாருக்கும் சொல்லியாச்சு, சித்தப்பாவுக்கு ரெண்டு தடவை, பால்காரருக்கு ஒரு தடவை. என் பையன் எனக்கு ஒருத்தனுக்காக தனியா கைடு வச்சு ஊரைக் காட்டினான்னு சொல்லும்போது சித்தப்பா மூஞ்சி போன போக்கைப் பார்த்திருக்கணும். ஆனா 150 யூரோ தம்பி. நம்மூர் காசுக்கு பதினஞ்சாயிரம் கிட்ட வருது. ரெண்டு மணி நேரம் நடந்ததுக்கு, அதுவும் நடந்தது என் கால்தானே. ரசீதை பிரிட்ஜ் மேல வச்சிருந்தியே, அதனாலதான் தெரியும், வேணும்னு பார்க்கலை. இனிமே இந்த மாதிரி செலவு வேண்டாம், கையில நாலு காசு இருக்கட்டும், எந்த நேரம் எப்படி இருக்கும்னு யாருக்குத் தெரியும்.

அந்த கைடு அம்மா நல்ல மனுஷி. ஊர்ச் சுவர்ல இருக்கற சான் பியெத்ரோ வாசல்ல, அதான் நீ தினம் ஸ்டேஷனுக்குப் போற வழி, அங்க கழுத்துல லைசென்ஸ் அட்டையை மாட்டிக்கிட்டு நான் வர்றதுக்கு முன்னாடியே நின்னுட்டிருந்தாங்க. அந்த நாட்டுல லைசென்ஸ் இல்லாம கைடு வேலை பார்க்க முடியாதாம். எங்கப்பா ஓவர்சீயர், ஆத்துக் கரை வேலை பார்த்தவர்னு நீ முன்னாடியே சொல்லி வச்சிருக்க போல, ராஜா ராணி கதையெல்லாம் ஓரங்கட்டிட்டு நேரா சுவர் மேல ஏத்திட்டாங்க. அப்பாவுக்கு எது பிடிக்கும்னு உனக்குத் தெரிஞ்சிருக்கு, அது போதும் எனக்கு.

என்ன சுவருடா அது. ஊரைச் சுத்தி 4.2 கிலோமீட்டர், உயரம் 12 மீட்டர், அடியில அகலம் 30 மீட்டராம். வெளிப்பக்கம் செங்கல், உள்ள மண். பீரங்கிக் குண்டு பட்டா கல்லு சுவர் தெறிச்சுரும், மண்ணு அப்படியே முழுங்கிக்கும். 1500கள்ல ஆரம்பிச்சு 1600கள் பாதியிலதான் முடிச்சிருக்காங்க, நூறு வருஷத்துக்கு மேல. இத்தனை பாடுபட்டு கட்டினதை ஒரு எதிரி கூட வந்து முட்டிப் பார்க்கலை. வந்தது தண்ணிதான். 1812 நவம்பர்ல செர்க்கியோ ஆறு கரை புரண்டு வந்தப்ப வாசல் கதவை எல்லாம் அடைச்சு ஊரைக் காப்பாத்தியிருக்காங்க. அப்ப ஊரை ஆண்டது நெப்போலியனோட தங்கச்சி எலிசா, அந்த அம்மா வெளிய மாட்டிக்கிச்சாம், கதவைத் திறந்தா தண்ணி உள்ள வந்துரும், அதனால பாரம் தூக்கற மாதிரி கயிறு கட்டி சுவருக்கு மேல தூக்கி உள்ள இறக்கினாங்கன்னு சொல்றாங்க. நம்ம கொள்ளிடக் கரையில மரம் வச்சா வேர் கரையைப் பிளக்கும்னு எங்களுக்கு சொல்லிக்குடுத்தது, அங்க சுவர் மேல வரிசையா மரம், நடுவுல சைக்கிள், ஓடறவங்க, புள்ளைங்களை வண்டியில வச்சு தள்ளிக்கிட்டுப் போறவங்க. நான் குனிஞ்சு குனிஞ்சு செங்கல் ஜாயின்ட்டையே பார்த்துட்டிருந்தேன், கைடு அம்மா சிரிச்சாங்க.

அங்க ஒரு கொத்தளத்துக்கிட்ட பெஞ்ச் ஒண்ணைக் காட்டி ஏதோ சொன்னாங்க, அவங்க இங்கிலீஷ் எனக்கு சரியா புரியலை. அதை விடு.

அந்த ஆத்தைப் பத்தி இன்னொண்ணு சொன்னாங்க. 6ஆம் நூற்றாண்டுல அயர்லாந்துல இருந்து பிஷப்பா வந்தவராம் சான் ஃப்ரெதியானோ, வருஷா வருஷம் வெள்ளத்துல ஊர் முழுகறதைப் பார்த்துட்டு சருகு வார்ற வாரியை எடுத்து தரையில கோடு இழுத்துக்கிட்டே நடந்தாராம், ஆறு அந்தக் கோட்டைப் பிடிச்சுக்கிட்டு நாய்க்குட்டி மாதிரி பின்னாலயே வந்துச்சாம். எஸ்டிமேட் கிடையாது, டெண்டர் கிடையாது, வேலையை அளந்து எழுதற எம்-புக் கிடையாது. நான் வாய்விட்டு சிரிச்சுட்டேன்.

பெரிய கோயில் சான் மார்த்தீனோ முகப்புல மூணு வளைவுல வலது பக்கத்து வளைவு மட்டும் ஒடுங்கி இருக்கு, நான் பார்த்த உடனே கேட்டுட்டேன். மணிக்கோபுரம் முன்னாடியே அங்க இருந்துதாம், அதை இடிக்க மனசில்லாம வளைவை ஒடுக்கிட்டாங்க. எண்ணூறு வருஷமா அப்படியே கோணலா நிக்குது, யாரும் மெமோ கொடுக்கலை. பக்கத்துத் தூண்ல அரை மீட்டர் அகலத்துக்கு ஒரு வட்டம், உள்ள சுத்திச் சுத்தி வழி செதுக்கி இருக்கு. விரலை வச்சா ஒரே வழிதான், சுத்திச் சுத்தி நடுவுலதான் போய் நிக்கும், வெளிய வரணும்னாலும் அதே வழியிலதான் திரும்பி வரணும். எத்தனையோ பேர் விரல் பட்டு நடுவுல இருந்த உருவம் தேய்ஞ்சே போச்சாம். உள்ள இலாரியான்னு ஒரு பொண்ணோட சமாதி, பிரசவத்துல போனது, 1405ல. காலடியில சின்ன நாய். அதை அதிக நேரம் பார்க்க முடியலை.

மரம் முளைச்ச கோபுரத்துல ஏறலை, 230 சொச்சம் படின்னாங்க, முட்டி ஒத்துக்காது, கீழேர்ந்து தலையில இருக்கற மரத்தைப் பார்த்ததோட சரி. வட்டமா வீடுங்க இருக்கற அந்த மைதானம் ரோமாக்காரங்க விளையாட்டு நடத்தின இடமாம், பின்னால வந்தவங்க அந்த சுவரை இடிக்காம அதையே வீட்டுக்கு சுவரா வச்சுக்கிட்டாங்க, சிக்கனக்காரங்க. சோம்பும் திராட்சையும் போட்ட அந்த இனிப்பு பிரட் வாங்கிக் கொடுத்தாங்க, புச்செல்லாத்தோ. சர்க்கரைன்னு ஒரு துண்டோட நிறுத்திக்கிட்டேன், அம்மாகிட்ட அதையும் சொல்லாத. ஓபராவுக்கு இசையமைச்ச புச்சீனி சிலை ஒண்ணு, அந்த ஊர்லயே 1858ல பிறந்தவராம், கால் மேல கால் போட்டு கையில சிகரெட்டோட உக்காந்திருக்காரு. தொண்டையில கேன்சர் வந்து 1924ல போயிட்டாரு. சிலையிலயாவது அதைக் கையிலிருந்து எடுத்திருக்கலாம். உன் பால்கனியில துளசித் தொட்டிக்குப் பின்னாடி நான் பார்த்ததை நான் சொல்லலை, நீயும் சொல்ல வேண்டாம், நிறுத்திடு.

கடைசியா அந்த பிஷப் பேர்ல இருக்கற கோயிலுக்குள்ள கூட்டிட்டுப் போனாங்க. அங்கதான்டா எனக்கு கால் நின்னுபோச்சு. கண்ணாடிப் பெட்டிக்குள்ள ஒரு அம்மாவோட உடம்பு, கறுத்து சுருங்கி. சீத்தா. 1272ல செத்தவங்க. ராணியும் இல்ல, கன்யாஸ்திரீயும் இல்ல. 12 வயசுல ஒரு பணக்கார வீட்டுக்கு வேலைக்கு வந்து, சாகற வரைக்கும் அதே வீட்டுல வேலை பார்த்தவங்க. வேலைக்காரங்களுக்கெல்லாம் அவங்கதான் புனிதர். எஜமான் வீட்டு ரொட்டியை மடியில கட்டி ஏழைங்களுக்கு கொண்டு போனப்ப எஜமான் வழிமறிச்சு மடியை அவிழ்த்துக் காட்டுன்னாராம், அவிழ்த்தா ரொட்டி எல்லாம் பூவா கொட்டுச்சாம். இப்பவும் ஏப்ரல் 27 அன்னைக்கு கோயில் வாசல்ல பூச்சந்தை போடுவாங்களாம்.

கைடு அம்மா சொல்லி முடிச்சுட்டு என்னைப் பார்த்தாங்க, தண்ணி வேணுமான்னு கேட்டாங்க.

தம்பி, பெஞ்சைக் காட்டி சொன்னது புரியலைன்னு எழுதினேன்ல. புரிஞ்சுது. காலையில டூர் கூட்டிட்டு வர்றப்பல்லாம் உங்க பையன் இங்கதான் உக்காந்திருப்பாரு, அப்படித்தான் பழக்கம், ரொம்ப மரியாதையான பையன்னாங்க. நல்ல விதமாத்தான் சொன்னாங்க, அவங்களை ஒண்ணும் கேட்காத. நான் இருந்த பதினெட்டு நாளும் நீ எட்டு மணிக்கு பையை மாட்டிக்கிட்டு பீசா ட்ரெயினுக்குக் கிளம்பினியே, நானும் ஜன்னல்ல நின்னு டாட்டா காட்டினேனே. நான் ஒண்ணும் கேட்கலை. இப்பவும் கேட்கலை.

1997ல நான் ஓவர்சீயரா இருந்தப்ப ஒரு கரை வேலைக்கு நேர்ல போய் டேப் பிடிச்சு அளக்காம எம்-புக்ல கையெழுத்துப் போட்டேன். யாரும் என்னை மாட்டி விடலை, சோம்பல்தான், கான்ட்ராக்டர் டீ வாங்கிக் கொடுத்தான், போட்டேன். மழையில கரை உள்வாங்கிடுச்சு. சஸ்பென்ஷன். ஏழு மாசம். உனக்கு எட்டு வயசு. நான் தினமும் பச்சை டிபன் கேரியரைத் தூக்கிக்கிட்டு எட்டரைக்கு வீட்டை விட்டுக் கிளம்புவேன். மாயவரத்துல எல்லாரும் தெரிஞ்சவங்க, அதனால கும்பகோணம் பாசஞ்சர்ல சீசன் எடுத்து, மகாமகக் குளத்துப் படியில போயி உக்காருவேன். சாயங்காலம் வருவேன். ஒரு நாள் நீ வாசல்ல என் செருப்பைத் தூக்கிப் பார்த்துட்டு, அப்பா இப்பல்லாம் செருப்புல சேறே இல்லன்னு கேட்ட. கோடைன்னு சொன்னேன். அது ஐப்பசி மாசம்.

பாதிச் சம்பளம்தான் வந்துது. அம்மாவோட மூணு பவுன் செயினை எடுத்து அடகு வச்சேன். காணோம்னு அம்மா வீட்டைப் புரட்டினப்ப நானும் கூட சேர்ந்து தேடினேன், பரண் மேல ஏறி தேடினேன். அப்புறம் பேச்சு ஆயா மேல போச்சு. உன்னை இடுப்புல வச்சு சோறு ஊட்டினதே, அந்த ஆயாதான். போகும்போது அதோட மடியில ஏதோ கட்டி இருக்குன்னு அவிழ்க்கச் சொன்னாங்க. நான் திண்ணையில பேப்பரைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். அவிழ்த்தா நாலு அதிரசம். தீபாவளிக்கு அம்மாவே அதோட பேரப்பிள்ளைக்குன்னு கொடுத்து, கொடுத்ததை மறந்துட்டா. ஆயா ஒண்ணும் பேசலை. அதிரசத்தைத் திண்ணையில என் பக்கத்துல வச்சுட்டுப் போச்சு. மறுநாள்லேர்ந்து வரலை.

வேலை திரும்பக் கிடைச்சு செயினை மீட்டேன். அதை பரண்ல பித்தளைத் தவலைக்குள்ள போட்டு, நானே கண்டுபிடிச்ச மாதிரி கத்தினேன். அம்மா வைத்தீஸ்வரன் கோயிலுக்குப் போயி வேண்டுதலை முடிச்சுட்டு வந்து, ஆயாவைத் திரும்பக் கூப்பிடலாமான்னு கேட்டா. விட்டது விட்டதுதான்னேன். வந்தா அது தினமும் என் மூஞ்சைப் பார்க்குமே.

உன் அம்மாவுக்கு இதெல்லாம் இன்னிக்கு வரைக்கும் தெரியாது. உன்கிட்ட ஏன் சொல்றேன்னும் எனக்கு சரியா தெரியலை, அந்த கண்ணாடிப் பெட்டி முன்னாடி நின்னப்ப சொல்லணும்னு தோணுச்சு, ராத்திரி நீ சப்பாத்தி போட்டுக் கொடுத்தப்ப வாய் வரைக்கும் வந்துது, நீ ஆபீஸ்ல இன்னிக்கு மீட்டிங் நல்லபடியா போச்சுப்பான்ன, நான் அப்படியான்னுட்டேன். ஆயா போயி ரொம்ப வருஷம் ஆச்சு. அதோட பேரன், அந்த அதிரசத்துக்காரன், சீர்காழியில சைக்கிள் கடை வச்சிருக்கானாம். இந்த வாரம் போகணும். போயி என்ன சொல்றதுன்னு தெரியலை, போறேன்.

ஊறுகாயும் வத்தலும் பார்சல்ல போட்டிருக்கேன். காலையில குளிர் ஆரம்பிச்சிருக்கும், சுவர் மேல காத்து ஜாஸ்தி, அந்த கம்பளிக் குல்லாவைப் போட்டுக்க. தினமும் எட்டரைக்கு எனக்கு போன் பண்ணு, உனக்கு எட்டரை, இங்க பன்னெண்டு. பேச ஒண்ணும் இல்லாட்டியும் பரவாயில்ல, நான் சும்மாதான் இருப்பேன். அம்மா அந்த நேரத்துல பக்கத்து வீட்டுல இருப்பா.

அப்பா