படத்தின் வலமும் உடலின் வலமும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் நலவாழ்வுப் பக்கத்தில் கல்லீரலைப் பற்றி வெளிவந்த கட்டுரையில், அவ்வுறுப்பு வலப்புறக் கீழ் விலா எலும்புகளுக்குப் பின்னால் இருப்பதாக எழுதப்பட்டிருந்தது. உடன் அச்சிடப்பட்ட படத்திலோ கல்லீரல் தாளின் இடப்புறத்தில் இருந்தது. படம் தவறாக வரையப்பட்டுவிட்டது என்று வாசகர் ஒருவர் எழுதிய கடிதத்தையும் பின்னர் வெளியிட்டிருந்தீர்கள். செவிலிய மாணவர்களுக்கு உடற்கூறியல் கற்பித்து வருபவள் என்ற முறையில், கட்டுரையிலும் தவறில்லை, படத்திலும் தவறில்லை என்பதைத் தெரிவிக்க விரும்புகிறேன். அந்த வாசகருக்கு எழுந்த ஐயம் முற்றிலும் நியாயமானது. எந்தப் பக்கம் யாருடைய வலப்பக்கம் என்பதைப் படத்தில் குறிக்காமல் விட்டதுதான் குறை.

மருத்துவத்தில் வலம், இடம் என்பவை எப்போதும் உடலுக்கு உரியவரின் வலமும் இடமுமே ஆகும், பார்ப்பவருடையவை அல்ல. நம்மை நோக்கி நிற்கும் ஒருவரின் வலக்கை நம் இடக்கைக்கு நேராக வருவதைப்போல, நம்மை நோக்கி நிற்பவராக வரையப்பட்ட உருவத்தின் வலப்புற உறுப்புகள் தாளின் இடப்புறத்தில்தான் விழும். இந்த வழக்கத்துக்கு அடிப்படையாக இருப்பது உடற்கூற்று நிலை எனப்படும் ஒரு நிலை. ஒருவர் நிமிர்ந்து நின்று, முகத்தையும் பாதங்களையும் முன்னோக்கி வைத்து, கைகளை உடலின் இருபுறமும் தொங்கவிட்டு, உள்ளங்கைகளை முன்பக்கமாகத் திருப்பி வைத்திருக்கும் நிலை அது. நோயாளி உண்மையில் படுத்திருந்தாலும், உட்கார்ந்திருந்தாலும், குனிந்திருந்தாலும், அவருடைய உடலின் மேல், கீழ், முன், பின் ஆகியவை அனைத்தும் அவர் அந்த நிலையில் நிற்பதாகக் கருதியே சொல்லப்படுகின்றன.

உள்ளங்கையை எதற்காக முன்னோக்கி வைக்க வேண்டும் என்று மாணவர்கள் ஆண்டுதோறும் கேட்கிறார்கள். இயல்பாக நிற்கும்போது நம் உள்ளங்கைகள் தொடையை நோக்கியே இருப்பதால், இது செயற்கையான நிலையாக அவர்களுக்குத் தோன்றுகிறது. ஆனால் முன்கை, உடலின் மற்ற பாகங்களைப் போலன்றி, தன்னைத்தானே திருப்பிக்கொள்ளும் ஆற்றல் உடையது. உள்ளங்கை முன்னோக்கி இருக்கும்போது ரேடியஸ், அல்னா என்னும் முன்கையின் இரண்டு எலும்புகளும் ஒன்றுக்கொன்று இணையாக நிற்கின்றன. உள்ளங்கையைப் பின்னோக்கித் திருப்பினால் ரேடியஸ் அல்னாவின் குறுக்கே கடந்து செல்கிறது, கட்டைவிரல் உடலை நோக்கி வந்துவிடுகிறது. கை எந்த நிலையில் இருக்கிறது என்பதை முன்கூட்டியே உறுதிசெய்யாவிட்டால், மணிக்கட்டின் வெளிப்பக்கத்தில் காயம் என்று எழுதுவதற்குப் பொருளே இல்லாமல் போகும். உள்ளங்கை முன்னோக்கியது என்று ஒருமுறை தீர்மானித்துவிட்டால், கட்டைவிரல் இருக்கும் பக்கமே வெளிப்பக்கம், சுண்டுவிரல் இருக்கும் பக்கமே உடலின் நடுக்கோட்டை நோக்கிய பக்கம் என்பது கை எப்படித் திரும்பினாலும் மாறாது.

எக்ஸ்ரே படமும் இதே முறையில்தான் பார்க்கப்படுகிறது. மார்பு எக்ஸ்ரேயை மருத்துவர் நோயாளி தம்மை நோக்கி நிற்பதாகக் கொண்டு பார்ப்பதால், பெரும்பகுதி இடப்பக்கம் சாய்ந்துள்ள இதயத்தின் நிழல் படத்தின் வலப்பாதியில் தெரிகிறது. சி.டி. ஸ்கேனில் உடலைக் குறுக்கே வெட்டியதுபோல் கிடைக்கும் படங்கள், மல்லாந்து படுத்திருப்பவரைக் கால்மாட்டில் நின்று பார்ப்பதாகக் கொண்டு அமைக்கப்படுகின்றன; அவற்றிலும் நோயாளியின் வலப்பக்கம் படத்தின் இடப்பக்கமே. பல் மருத்துவர்கள் பயன்படுத்தும் ஈரிலக்க எண் முறையில் 11 முதல் 18 வரையிலானவை நோயாளியின் வல மேல் பற்கள். அவை அட்டவணையில் பார்ப்பவரின் இடப்புறத்தில் எழுதப்படுகின்றன. 36 என்றால் இடக் கீழ்த்தாடையின் முதல் கடைவாய்ப்பல், 46 என்றால் வலக் கீழ்த்தாடையில் அதே பல். பக்கத்தை மாற்றிப் புரிந்துகொண்டால் நல்ல பல்லைப் பிடுங்க நேரிடும்.

எக்ஸ்ரே படத்தின் ஓரத்தில் வலது அல்லது இடது என்பதைக் காட்டும் குறி இடப்படுவதைப் பலர் கவனித்திருக்க மாட்டார்கள். ஏறத்தாழ 10,000 பேரில் ஒருவருக்கு மார்பு, வயிற்று உறுப்புகள் அனைத்தும் கண்ணாடிப் பிம்பம்போல் பக்கம் மாறி அமைந்திருக்கின்றன; இதயம் வலப்புறமும் கல்லீரல் இடப்புறமும் இருக்கும். குறி இல்லாத படத்தில், உறுப்புகள் மெய்யாகவே இடம் மாறியுள்ளனவா அல்லது படம் திருப்பி வைக்கப்பட்டுள்ளதா என்று எவ்வளவு அனுபவம் உடைய மருத்துவரும் உறுதியாகச் சொல்ல இயலாது. உலக சுகாதார நிறுவனம் 2008-ஆம் ஆண்டில் அறிமுகப்படுத்திய அறுவைச் சிகிச்சைப் பாதுகாப்புச் சரிபார்ப்புப் பட்டியலில், மயக்க மருந்து கொடுப்பதற்கு முன்பே நோயாளி தம் அடையாளத்தையும், அறுவை செய்யப்படவிருக்கும் இடத்தையும், அறுவை இன்னது என்பதையும் தாமே உறுதிசெய்ய வேண்டும் என்றும், அந்த இடம் உடலில் குறிக்கப்பட்டிருக்க வேண்டும் என்றும் இருக்கிறது. வலம் இடம் மாறுவதை மருத்துவ உலகம் எவ்வளவு கடுமையான ஆபத்தாகக் கருதுகிறது என்பதற்கு இதைவிட வேறு சான்று தேவையில்லை.

வலம் இடத்துக்கு அடுத்தபடியாகக் குழப்பம் தருவது மேல், கீழ் என்பவை. உடற்கூறியலில் மேல் என்றால் தலையை நோக்கி, கீழ் என்றால் பாதத்தை நோக்கி என்றே பொருள். மல்லாந்து படுத்திருப்பவரின் முதுகில் படுக்கைப்புண் வந்தால், அது மெத்தையை ஒட்டிக் கீழே இருக்கிறது என்றாலும், அதன் இடம் உடலின் பின்புறம்தான். கை கால்களைப் பொறுத்தவரை மேல், கீழ் என்பவற்றைவிட அண்மை, சேய்மை என்ற இணையே பயன் மிகுந்தது. உறுப்பு உடலோடு சேரும் இடத்துக்குப் பக்கத்தில் உள்ளது அண்மை, அதிலிருந்து தொலைவில் உள்ளது சேய்மை. ஒருவர் கையைத் தலைக்குமேல் தூக்கினால் மணிக்கட்டு முழங்கைக்கு மேலே போய்விடுகிறது. ஆயினும் அது முழங்கைக்குச் சேய்மையில் இருக்கிறது என்ற கூற்று அப்போதும் பொய்யாவதில்லை. சிறுநீரகப் பாடத்தில் அண்மைச் சுருண்ட நுண்குழல், சேய்மைச் சுருண்ட நுண்குழல் என்று மாணவர்கள் படிப்பதும் இதே சொல் இணையைத்தான்.

உட்புறம் என்ற சொல்லை விளையாட்டுச் செய்திகளில் அடிக்கடி காண்கிறேன். ஒரு வீரரின் முழங்காலின் உட்புறத்தில் பிணைப்பு நார் கிழிந்தது என்று எழுதினால், மற்றொரு காலை நோக்கிய பக்கத்தில் உள்ள நார் கிழிந்ததா, மூட்டுக்கு உள்ளே குறுக்காக ஓடும் நார் கிழிந்ததா என்பதை வாசகர் எப்படி அறிவார்? இவை இரண்டும் வேறு வேறு காயங்கள். சிகிச்சையும் குணமாக எடுக்கும் காலமும் வேறு. நடுக்கோட்டை நோக்கிய பக்கம் என்பதும் ஆழத்தில் உள்ளது என்பதும் தனித்தனிக் கருத்துகள் என்பதால், அவற்றைத் தனித்தனியாகவே எழுத வேண்டும்.

பக்கவாதம் பற்றிய செய்திகளில் இந்தக் கவனம் இன்னும் அதிகம் தேவைப்படுகிறது. பெருமூளையிலிருந்து தசைகளுக்குக் கட்டளை கொண்டு செல்லும் நரம்பிழைகளில் பெரும்பாலானவை முகுளத்தின் கீழ்ப்பகுதியில் எதிர்ப்பக்கத்துக்குக் கடந்துவிடுவதால், பெருமூளையின் இடப்பாதியில் இரத்தக்குழாய் அடைபட்டால் உடலின் வலப்பக்கம் செயலிழக்கிறது. இடப்பக்கப் பக்கவாதம் என்று மட்டும் எழுதினால், பாதிப்பு மூளையின் இடப்பக்கத்தில் நேர்ந்ததா, உடலின் இடப்பக்கம் தளர்ந்ததா என்பது தெரிவதில்லை. மூளையின் எந்தப் பக்கம், உடலின் எந்தப் பக்கம் என இரண்டையும் சொல்லிவிடுவது நல்லது.

வயிற்றுப் பகுதியைப் பற்றியும் சொல்ல வேண்டும். தொப்புளின் வழியே நெடுக்காக ஒரு கோடும் குறுக்காக ஒரு கோடும் இழுத்தால் நான்கு பகுதிகள் கிடைக்கின்றன. காறை எலும்புகளின் நடுவிலிருந்து இறங்கும் இரண்டு நெடுக்குக் கோடுகளையும், விலா எலும்புகளின் கீழ் ஓரத்திலும் இடுப்பெலும்புகளின் மட்டத்திலும் இரண்டு குறுக்குக் கோடுகளையும் கொண்டால் ஒன்பது பகுதிகள் கிடைக்கின்றன. கல்லீரலின் பெரும்பகுதியும் பித்தப்பையும் வல மேல் பகுதியிலும், மண்ணீரல் இட மேல் பகுதியில் 9 முதல் 11 வரையிலான விலா எலும்புகளை ஒட்டியும் உள்ளன. குடல்வால் அழற்சியின் வலி பலருக்குத் தொப்புளைச் சுற்றித் தொடங்கி, சில மணி நேரத்துக்குப் பின் வலக் கீழ்ப் பகுதிக்கு நகர்கிறது. வலப்பக்க இடுப்பெலும்பின் முன் முனைப்பிலிருந்து தொப்புள் வரையிலான கோட்டில் மூன்றில் ஒரு பங்கு தொலைவில் அமைந்த புள்ளியில் அழுத்தினால் வலி மிகுதியாக இருக்கும் என்பதை அமெரிக்க அறுவை மருத்துவர் சார்லஸ் மெக்பர்னி 1889-ஆம் ஆண்டில் விவரித்தார். அந்தப் புள்ளி இன்றும் அவர் பெயராலேயே வழங்குகிறது. வயிறு வலிக்கிறது என்று மட்டும் சொல்லும் நோயாளியைவிட, எங்கே தொடங்கி எங்கே நகர்ந்தது என்று சொல்லும் நோயாளி மருத்துவருக்கு மிகப் பெரிய உதவி செய்கிறார். அப்படிச் சொல்ல மக்களைப் பழக்கும் வாய்ப்பு நாளிதழ்களுக்கு இருப்பதாக நம்புகிறேன்.

கை முறிந்தது, காலில் அடிபட்டது என்ற சுருக்கமான செய்திகளிலும், மேற்கையா முன்கையா, தொடையா கணுக்காலா என்று எழுதுவதற்கு ஒரு சொல்லே கூடுதலாகும்.

தங்களிடம் நான் கேட்டுக்கொள்வது இதுதான். இனி வெளிவரும் ஒவ்வோர் உடல் படத்திலும், உருவத்தின் இருபுறமும் வலது, இடது என்ற சொற்களை அச்சிட்டு, அவை படத்தில் இருப்பவரின் பக்கங்கள் என்ற ஒரு வரியை அடியில் சேர்க்கச் செய்யுங்கள். பக்க வடிவமைப்புக்காகப் படத்தைக் கண்ணாடிப் பிம்பமாகத் திருப்பும் வழக்கம் இருக்குமானால், உடற்கூற்றுப் படங்களுக்கு மட்டுமாவது அதை அறவே தவிர்க்கும்படி ஓவியர்களிடமும் வடிவமைப்பாளர்களிடமும் தெரிவியுங்கள். முதுகுப்பக்கத்திலிருந்து வரையப்பட்ட உருவத்தில் மட்டும் பார்ப்பவரின் வலமும் உருவத்தின் வலமும் ஒன்றாகவே இருக்கும் என்பதால், முன்தோற்றமா பின்தோற்றமா என்பதையும் படத்தின் தலைப்பிலேயே குறிப்பிடும்படி வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
உடற்கூறியல் ஆசிரியை ஒருவர்