ஒரு ணை அனுப்புகிறேன்

உ
ஸ்ரீ காளியம்மன் துணை

யாங்கோன்

அன்பு மகளுக்கு அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நலம். கரண்ட் வருவதும் போவதுமாக இருக்கிறது. வந்த நேரத்தில் அம்மா தண்ணீர் மோட்டார் போடுவாள், நான் போனுக்கு சார்ஜ் ஏற்றி உன் கதையைப் படிப்பேன். இப்படியே எட்டு நாளில் முடித்துவிட்டேன்.

உன் கதையில் மேகநாடும் மலையுச்சிப் பதிப்பகமும் நன்றாக வந்திருக்கின்றன. எழுத்தாளர் கண்ணை மூடி நினைத்தால் எழுத்துகள் வண்டுகளாகப் பறந்து வந்து தாளில் உட்காரும் இடத்தை அம்மாவுக்கு இரண்டு தடவை படித்துக் காட்டினேன். பொழுது விடிவதற்குள் ஆயிரம் புத்தகம்! சரி. ஆனால் அந்தக் குள்ளக் கிழவர் முதலாளி என்னதான் வேலை செய்கிறார்? அங்கே யார் கையிலும் மை ஒட்டவில்லையே அம்மா. ஒரு பிழை இல்லை, ஒரு எழுத்துத் தட்டுப்பாடு இல்லை. அச்சகத்தில் முப்பது வருஷம் ஈய எழுத்துகளைக் கோர்த்துக் கம்போஸ் செய்தவனுக்கு அதைப் படித்தால் கொஞ்சம் வயிறு எரியத்தானே செய்யும்.

எங்களுக்கு எழுத்து பறந்து வராது. எழுத்தைக் கோர்க்கும் ஸ்டிக்கை இடது கையில் பிடித்துக்கொண்டு, கேஸ் என்கிற எழுத்துப் பெட்டியில் அறை அறையாகத் தேடி எடுத்து, தலைகீழாக அடுக்க வேண்டும். நீ 'கொ' என்று ஒரே எழுத்தாக எழுதுவது எங்களுக்கு மூன்று: கொம்பு, க, கால். 1964-இல் இங்கே பர்மாவில் கடைகளை அரசுடைமை ஆக்கி, நம் ஆட்கள் கப்பல் கப்பலாகக் கிளம்பிப் போனார்கள் இல்லையா, அதற்கப்புறம் மதராஸிலிருந்து புது எழுத்து வரவழைக்க எங்கள் முதலாளிக்கு வழியில்லாமல் போயிற்று. இருந்ததையே தேய்த்தோம். பக்கம் பாதியில் 'ழ' தீர்ந்துவிட்டால், அச்சடித்து முடிந்துபோன பாரத்தை, அதாவது கோர்த்துக் கட்டிய பக்கத்தை, பிரித்து, ஒவ்வொன்றையும் அதனதன் அறையில் போட்ட பிறகுதான் அடுத்த வரி. அதற்கும் நேரமில்லாவிட்டால் முதலாளியே சொல்லை மாற்றிவிடுவார். 'மகிழ்ச்சி' எல்லாம் 'சந்தோஷம்' ஆனது இப்படித்தான்.

அதைவிட ஒன்று சொல்கிறேன், யாரிடமும் சொல்லாதே. எனக்குப் பதினேழு வயது. ஒரு வீட்டில் பெரியவர் போய், வருஷம் திரும்புவதற்குள் பேத்திக்குக் கல்யாணம் வைத்தார்கள். கருமாதிப் பத்திரிகையில் உறவுக்காரர் பெயரெல்லாம் கோர்த்தது அப்படியே கட்டி வைத்திருந்தது. எதற்கு இரண்டு வேலை என்று அதையே எடுத்துக் கல்யாணப் பத்திரிகைக்கு அடியில் வைத்துவிட்டேன். அறுபது கார்டு ஓடிய பிறகு முதலாளி ஒன்றைக் கையில் எடுத்தார். மேலே மஞ்சள் பிள்ளையார். அடியில், 'துக்கத்துடன்' என்று போட்டு, பெண்ணைப் பெற்றவர் பெயர். அடிக்கவில்லை. அந்த அறுபதையும் துண்டு துண்டாக நறுக்கி, ஒரு வருஷம் அதன் பின்பக்கத்தில் கணக்கு எழுதினார். என் சம்பளக் கணக்கையும் அதில்தான் எழுதிக் கொடுத்தார்.

அன்றைக்கே ஒன்று தோன்றியது. கருமாதிக்கும் கல்யாணத்துக்கும் வேறு வேறு ஈயமா இருக்கிறது? அதே 'க'தான். உன் வண்டுகளுக்கும் ஞாபகம் இருக்கட்டுமே. நேற்று ஒப்பாரியில் உட்கார்ந்த வண்டு இன்று தாலாட்டில் உட்கார மாட்டேன் என்று அடம் பிடிக்கட்டும். கிழவர் ராத்திரி முழுக்க விழித்திருந்து அதைத் தேற்றி அனுப்பட்டும். அவருக்கும் ஒரு வேலை ஆயிற்று.

அப்புறம், எழுத்தைத் தின்னும் அரசனின் பூதம். அது எனக்குப் பிடிக்கவில்லை. பூதம் தின்றால் ஒன்றும் மிச்சம் இருக்காது, கதையும் அங்கேயே நின்றுவிடும். நீ சின்னப் பிள்ளையாக இருந்தபோது பத்திரிகைகளில் தணிக்கை ஆன பத்திமேல் வெள்ளி மை பூசி வருமே, ஞாபகம் இருக்கிறதா? மற்ற பக்கத்தைப் புரட்டுவதற்கு முன்னால் அந்தப் பக்கத்தைத்தான் பார்ப்போம். ஜன்னல் வெயிலில் சாய்த்துப் பிடித்தால் நாலு சொல் தெரியும், மீதியை டீக்கடையில் ஆளுக்கொன்றாகச் சொல்லுவார்கள். எழுதியவர் நினைக்காததெல்லாம் அதில் சேரும். முன்தணிக்கையை எடுத்தது 2012 ஆகஸ்டில்தான். உன் அரசனிடம் பூதத்துக்குப் பதிலாக ஒரு டப்பா வெள்ளி மையைக் கொடுத்துப் பார்.

சிங்கப்பூர் வருகிற பக்கத்து வீட்டுத் தம்பியிடம் அம்மா லபெட், அந்த ஊறவைத்த தேயிலை, கொடுத்து அனுப்புகிறாள். கூடவே தனியாக ஒரு சின்னப் பொட்டலம் இருக்கும். பழைய 'ணை' அச்செழுத்து, மேலே யானைத் தும்பிக்கை வளைந்தது. 1978-இல் தமிழ்நாட்டில் அரசாணை போட்டு அந்தத் தும்பிக்கையை எடுத்துவிட்டார்கள். நாங்கள் இங்கே அதை வைத்தே ஓட்டினோம், வேறு இல்லையே. எந்தப் பத்திரிகை வந்தாலும் தலையில் 'துணை' போடாமல் கல்யாணமும் கிடையாது, திருவிழாவும் கிடையாது. அதனால் கேஸில் முதலில் தேய்ந்தது அந்த ஓர் எழுத்துதான். டிரெடில் அச்சு இயந்திரத்தைப் பழைய இரும்பு விலைக்கு எடைபோட்ட அன்று இதை மட்டும் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன்.

நேராகப் பார்த்தால் ஒன்றும் புரியாது, கண்ணாடிக்கு முன்னால் பிடி. தும்பிக்கை நுனி மழுங்கியிருக்கும். ஈயம், தொட்டால் கையைக் கழுவிவிட்டு லபெட் சாப்பிடு.

அப்பா