வாத்தியாரை விட்டுவிட்டீர்களே!

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த வியட்நாம் காதல் படங்கள் பற்றிய கட்டுரையைப் படித்தேன். எல்லாப் படங்களையும் 'போர் பிரித்த காதலர்கள்' என்று ஒரே கணக்கில் சேர்த்திருப்பது எனக்கு ஒப்பவில்லை. இயக்குநர் டாங் நியட் மின் 1984-இல் கருப்பு வெள்ளையில் எடுத்த 'பத்தாம் மாதம் வரும்போது' இந்தக் கணக்குக்குள் வராது. அதனால்தானோ என்னவோ, கட்டுரையில் அதன் பெயரே இல்லை.

எல்லையில் கணவன் இறந்த செய்தியோடு ஊர் திரும்புகிறாள் ஸூயென். நோயில் கிடக்கும் மாமனார் தாங்கமாட்டார் என்று மறைத்துவிடுகிறாள். ஊர்ப் பள்ளிக்கூட வாத்தியார் காங்கிடம் கெஞ்சி, கணவன் எழுதுவதுபோலவே கடிதங்கள் எழுதி வாங்குகிறாள். செத்தவன் பெயரில் எழுதி எழுதியே வாத்தியாரின் மனசு அவள் பக்கம் சாய்கிறது. ஊரைப் பொறுத்தவரை அவள் புருஷன் உயிரோடு இருக்கிறான். வாத்தியாரோடு இவளுக்கு என்ன பேச்சு என்று நாக்குகள் நீள்கின்றன. உண்மையைச் சொன்னால் பழி போகும், கிழவரின் உயிரும் சேர்ந்து போகும்.

ஸூயென் ஊர்க்கூத்தில் நடிப்பவள். போருக்குப் புறப்படும் கணவனை வழியனுப்பும் காட்சியில் வசனம் தொண்டையில் சிக்கி, மேடையைவிட்டே ஓடிவிடுகிறாள். ஸூயெனாக நடித்த லே வானின் முகத்தை அந்த இடத்தில் பார்க்கவேண்டும்!

'தி சென்ட் ஆஃப் கிரீன் பப்பாயா' பற்றி ஒரு திருத்தம். சைகோன் வீட்டின் பசுமையைக் கட்டுரையாளர் சிலாகித்திருக்கிறார். திரான் ஆன் ஹுங்கின் அந்த 1993 படம் பிரான்சில், ஸ்டுடியோவுக்குள் செட் போட்டு எடுத்தது. அதில் குறையொன்றும் இல்லை, சிறுவயதில் பிரிந்த நாட்டை அவர் அங்கே கட்டிப் பார்த்திருக்கிறார். என் உறுத்தல் வேறு. பியானோ வாசிக்கும் எசமான், நிச்சயித்த பெண்ணை விட்டுவிட்டு வேலைக்காரப் பெண் மூயியை விரும்புகிறான். 'மாட்டேன்' என்று சொல்ல அவளுக்கு இடம் உண்டா? கேமரா நகரும் அழகில் நமக்கு அதைக் கேட்கவே தோன்றுவதில்லை. கட்டுரையாளருக்கும் தோன்றவில்லை.

விக்டர் வூவின் 'ட்ரீமி ஐஸ்' (2019) நாயகன் சிறுவயது முதல் ஒருத்தியையே நினைத்து உருகுவதைத் தியாகம் என்கிறார் கட்டுரையாளர். எனக்கு எரிச்சல்தான் வந்தது. காங் வாய் மூடி இருந்ததற்கு ஒரு கிழவரின் உயிர் காரணம். இவனுக்கு என்ன வந்தது?

டாங் நியட் மின் பற்றித் தனிக் கட்டுரை ஒன்று போடுங்கள். அதற்கு இரண்டு பக்கம் போதாது.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
கும்பகோணம்.