பெரியப்பாவுக்கு, ஓஆர்ஓபி (ஒரே ரேங்க், ஒரே பென்ஷன்) பற்றி

அன்புள்ள பெரியப்பா,

"ஓஆர்ஓபி எல்லாம் ஆபீசர்கள் தங்களுக்காகப் போராடி வாங்கிக்கொண்டது" என்று கல்யாண வீட்டில் சொன்னீர்கள். பந்தியில் உட்கார்ந்துகொண்டு உங்களிடம் வாதாட முடியுமா? அதனால்தான் இந்தக் கடிதம்.

1973க்கு முன்பு ஜவானுக்குக் கடைசிச் சம்பளத்தில் 70 சதவீதம் பென்ஷன். மூன்றாவது சம்பளக் கமிஷன் வந்து அதை 50 ஆக்கியது. நாற்பது வயதுக்குள் வீட்டுக்கு அனுப்பப்படுகிறவருக்கும், 58 வரை வேலை பார்த்த சிவிலியனுக்கும் ஒரே கணக்கு! அடி விழுந்தது முதலில் உங்களைப் போன்றவர்களுக்குத்தான். அப்புறம் ஒவ்வொரு கமிஷனிலும், முன்னால் வெளியே வந்தவர்கள் பின்தங்கிக்கொண்டே போனார்கள். ஒரே ரேங்க், ஒரே சர்வீஸ், ஆனால் பென்ஷன் வேறு. எப்போது வெளியே வந்திருந்தாலும் ஒரே பென்ஷன் வேண்டும் என்பதுதான் ஓஆர்ஓபி.

2008ல் இதற்காக இந்தியன் எக்ஸ் சர்வீஸ்மென் மூவ்மென்ட் என்ற முன்னாள் படைவீரர் அமைப்பு தொடங்கியது. மறு வருஷமே மெடல்களைக் குடியரசுத் தலைவரிடம் திருப்பிக் கொடுக்கப் போனார்கள். 2011ல் நாடாளுமன்றத்தின் கோஷியாரி கமிட்டி கோரிக்கை நியாயம்தான் என்றது. அதோடு சரி, பணம் வரவில்லை.

2015 ஜூனில் டெல்லி ஜந்தர் மந்தரில் தொடர் உண்ணாவிரதம். சுதந்திர தினத்துக்கு முந்தின நாள், பாதுகாப்பு என்று சொல்லி போலீஸ் அவர்களை அப்புறப்படுத்தப் பார்த்தது. மெடல் குத்திய சட்டையைப் பிடித்து இழுத்ததை டிவியில் நீங்களும் பார்த்திருப்பீர்கள். அடுத்த சில நாளில் இரண்டு பேர் சாகும்வரை உண்ணாவிரதம் தொடங்கினார்கள். ஒருவர் கர்னல். இன்னொருவர் உங்களைப் போலவே ஹவில்தார். அந்த ஹவில்தார் யாருக்காகப் பட்டினி கிடந்தார், சொல்லுங்கள்?

செப்டம்பர் 5 அன்று அப்போதைய பாதுகாப்பு அமைச்சர் பாரிக்கர் ஓஆர்ஓபியை அறிவித்தார். 2014 ஜூலை முதல் அமல். ஐந்து வருஷத்துக்கு ஒருமுறை திருத்தம். வருஷாவருஷம் திருத்த வேண்டும் என்ற கோரிக்கை நிறைவேறவில்லை. 2022ல் சுப்ரீம் கோர்ட்டும் அரசின் பக்கமே நின்றது. 2019ல் வரவேண்டிய திருத்தத்துக்கு மந்திரிசபை ஒப்புதல் தந்தது 2022 டிசம்பரில்தான்.

உங்கள் கோபத்திலும் நியாயம் இல்லாமல் இல்லை. ஆபீசர்களுக்குக் கூடுதல், எங்களுக்குக் கிள்ளிக் கொடுத்தது என்று 2023ல் ஜவான்களும் ஜேசிஓக்களும் (சுபேதார் போன்றவர்கள்) தனியாகவே போய் அதே ஜந்தர் மந்தரில் உட்கார்ந்தார்கள். ஆனால் அதற்காகச் சங்கத்துச் சந்தாவை நிறுத்துவதா? தலைமையில் ஹவில்தார்கள் வேண்டுமென்றால் கூட்டத்துக்குப் போய்க் கேட்க வேண்டும், கேன்டீன் வரிசையில் நின்று புலம்பி ஆகாது.

இன்னொன்று. ஸ்பர்ஷ் என்ற ஆன்லைன் பென்ஷன் தளத்தில் உங்கள் ரேங்க், குரூப், சர்வீஸ் வருஷம் மூன்றும் சரியாக ஏறியிருக்கிறதா? ஒன்று தவறினாலும் பென்ஷன் குறையலாம். பிபிஓவை (பென்ஷன் ஆணையை) போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லி அண்ணனிடம் கொடுங்கள். ஓஆர்ஓபி பென்ஷன் டேபிளோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு போன் செய்கிறேன்.

அன்புடன்,
உங்கள் தம்பி மகள்