ஒரு கொம்பு பின்னால்

அன்புள்ள செல்வம்,

உன் கடிதங்களுக்குப் பதில் போடாமல் இழுத்தடித்ததற்கு, திட்டுவதை எல்லாம் மொத்தமாகத் திட்டிக்கொள். இங்கே எல்லோரும் நலம். அம்மாவுக்கு முழங்கால் வலி அப்படியே, வாய் மட்டும் இன்னும் கூடியிருக்கிறது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். போன மாதம் கேம்பிரிட்ஜ் போயிருந்தேன். செயின்ட் ஜான்ஸ் கல்லூரியின் பெரிய வாசல், 1516இல் கட்டி முடித்தது. அதில் ஒரு கேடயத்தை இருபுறமும் தாங்கி நிற்கின்றன இரண்டு கற்பனை விலங்குகள். யேல் என்று பெயர். ஆட்டுத் தலை, மான் உடம்பு, மேலெல்லாம் பொன்பொட்டு, பின்னால் போய்ப் பார்த்தால் யானை வால்! உன் யாளி ஆராய்ச்சியோடு இதை முடிச்சுப் போட்டுவிடாதே, உனக்குப் புண்ணியமாகப் போகும்.

அதன் கொம்புதான் என்னைப் பிடித்துக்கொண்டது. ஒன்று முன்னால், ஒன்று பின்னால் என்று காட்டுவதுதான் மரபு. முதல் நூற்றாண்டிலேயே ரோமானியரான பிளினி எழுதி வைத்திருக்கிறார்: எத்தியோப்பியாவில் நீர்யானை அளவுக்கு ஒரு மிருகம், பன்றித் தாடை, நினைத்த பக்கம் திருப்பக்கூடிய கொம்புகள். அவருக்குப் பின் வந்தவர்கள் இன்னும் சேர்த்தார்கள்: சண்டையில் ஒன்றை நீட்டுமாம், மற்றதைப் பின்னால் மடக்கி வைத்துக்கொள்ளுமாம். முன்கொம்பு மழுங்கினால் அடுத்தது தயார். குலச்சின்னம் வரைந்தவர்கள் நீர்யானை உருவத்தைக் கழற்றிவிட்டார்கள், கொம்பை மட்டும் விடவில்லை. புத்திசாலிகள்.

யாருடைய சின்னம் தெரியுமா? பதினைந்தாம் நூற்றாண்டு இங்கிலாந்தின் பிரபுகுலப் பெண் மார்கரெட் பூஃபோர்ட். அந்தக் கல்லூரியே அவள் விட்டுப்போன சொத்தில் எழுந்ததுதான். 13 வயதில் பிள்ளை பெற்றாள், அதற்குள் கணவன் கொள்ளைநோயில் போய்விட்டான். பிள்ளை வளர்ந்ததும் 14 வருஷம் கடல் கடந்து ஒளிந்து வாழ்ந்தான். 1483இல் மூன்றாம் ரிச்சர்ட் இங்கிலாந்து அரசனாக முடிசூடியபோது, ராணியின் நீண்ட அங்கியின் பின்முனையைத் தூக்கிக்கொண்டு நடந்தவள் இவள்தான். அதே வருஷம் அவனைக் கவிழ்க்கும் சதியிலும் இருந்தாள். அது தோற்றது, தலை தப்பியது. இரண்டே வருஷம், பாஸ்வொர்த் களத்தில் ரிச்சர்ட் செத்தான், இவள் மகன் ஏழாம் ஹென்றி என்ற பெயரில் அரசன் ஆனான். குடும்பச் சின்னம் ஒருத்திக்கு இவ்வளவு பொருந்தி நான் பார்த்ததில்லை.

ஊர்க்கதை எதற்கு என்று கேட்பாய். நீ வேலையை எழுதிக் கொடுத்துவிட்டு, வீட்டையும் அடகு வைத்து அச்சகம் போடப் போவதாக முத்து சொன்னான். டேய், நீ காலேஜ் எலெக்‌ஷன் காலத்திலிருந்தே இரண்டு கொம்பையும் ஒன்றாக நீட்டுகிறவன். அப்போது சட்டைதான் கிழிந்தது. இப்போது பெரியவள் பிளஸ் டூ படிக்கிறாள்.

அச்சகம் வேண்டாம் என்று சொல்லவில்லை. மெஷினை வாடகைக்கு எடுத்து ஒரு வருஷம் ஓட்டிப் பார்க்க முடியாதா? வேலையில் நீண்ட விடுப்புக் கேட்டாயா?

கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டாயிற்றா என்பதை மட்டும் முதலில் எழுது. மாலதிக்குத் தெரியுமா என்று முத்துவைக் கேட்டேன், பயல் பேச்சை மாற்றிவிட்டான்.

அன்புடன்,
கணேசன்