2024–25 செயலாளர் ஆண்டறிக்கை (பாதிக்கு மேல் எர்த் கதைதான்)

உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம். செயற்குழு இந்த ஆண்டு ஒன்பது முறை கூடியது. வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார், லிஃப்ட் பராமரிப்பு ஒப்பந்தம் புதுப்பித்தாயிற்று, தண்ணீர் லாரி விவகாரம் போன வருஷம் மாதிரியேதான். மற்றபடி பணமும் பேச்சும் கரைந்தது எர்த்தில் (கசியும் கரண்டை மண்ணுக்குள் இறக்கும் ஏற்பாடு), அதனால் அதையே விரிவாக எழுதுகிறேன்.

ஜூனில் இரண்டாம் மாடியிலிருந்து ஒரு புகார். ஈரக் கையோடு வாஷிங் மெஷினைத் தொட்டால் சுர்ரென்று இழுக்கிறது என்றார்கள். சர்வீஸ் ஆள் இருமுறை வந்து மெஷினில் குறையில்லை என்று சொல்லிவிட்டுப் போனார். அப்புறம் லைசென்ஸ் உள்ள எலக்ட்ரீஷியனை அழைத்தோம். அவர் பிளக் பாயின்டில் ஃபேஸுக்கும் (கரண்ட் வரும் ஒயர்) எர்த்துக்கும் நடுவில் டெஸ்ட் லாம்ப் வைத்துப் பார்த்தார், பல்ப் எரியவே இல்லை, அதாவது எர்த் மண்ணைத் தொடவே இல்லை. பச்சை ஒயரைப் பிடித்துக்கொண்டே போனால் அது குழாய் ஷாஃப்டில் ஒரு கிளாம்பில் முடிகிறது, கிளாம்ப் தண்ணீர்க் குழாயில். 1994-இல் கட்டியபோது அது மண்ணுக்குள் இறங்கிய இரும்புக் குழாய், ஏதோ எர்த் என்று சொல்லிக்கொள்ளலாம் (அன்றைக்கும் அது சரியான முறை இல்லை). 2016-இல் துருப்பிடித்த குழாயை எடுத்துவிட்டு பிளாஸ்டிக் போட்டோமே, அப்போது பிளம்பர் கிளாம்பைக் கழற்றி, பொறுப்பாகப் புதுக் குழாயிலேயே மாட்டிவிட்டுப் போயிருக்கிறார். எட்டு வருஷமாக ஆறு வீட்டு எர்த் பிளாஸ்டிக்கைக் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தது. அந்த வேலையை மேற்பார்வை பார்த்தவர்களில் நானும் ஒருவன்.

மற்ற வீடுகளுக்கு கேட் ஓரத்தில் எர்த் குழி உண்டு. அதன் மூடிமேல் ஒரு கார் நிற்கும், திறந்து எத்தனை வருஷம் ஆனதோ. எர்த் டெஸ்டரில் 28 ஓம் காட்டியது. 230 வோல்டை 28-ஆல் வகுத்தால் சுமார் 8 ஆம்பியர். அதாவது ஹீட்டருக்குள் ஃபேஸ் ஒயர் உரசிப் பாடியில் பட்டாலும் 16 ஆம்பியர் எம்சிபி (கரண்ட் அளவு மீறினால் தானே விழும் சுவிட்ச்) விழாது, பாடியில் கரண்ட் அப்படியே நிற்கும். இப்போது 3 மீட்டர் ஜிஐ (துத்தநாகம் பூசிய இரும்பு) பைப் இறக்கி, கரியும் உப்பும் போட்டு, தள்ளித் தள்ளி இரண்டு குழி போட்டிருக்கிறோம். இரண்டையும் இணைத்து அளந்ததில் 4 ஓமுக்குக் கீழே. "நியூட்ரல் கட்டையிலிருந்து ஒரு துண்டு ஒயர் இழுத்தால் போச்சு, எதற்குக் குழி" என்று கூட்டத்தில் ஒருவர் கேட்டார். மெயினில் நியூட்ரல் (கரண்ட் திரும்பிப் போகும் ஒயர்) அறுந்தால் வீட்டில் எர்த் கொடுத்த ஒவ்வொரு பாடியிலும் 230 வோல்ட் ஏறி நிற்கும் சார், அதற்குத்தான்.

டிபி (கரண்டைப் பிரித்துக் கொடுக்கும் பெட்டி) விஷயம். மிக்ஜாம் மழையில் பார்க்கிங்கில் முழங்கால் தண்ணீர் நின்றது, நம் பொது டிபி இரண்டடி உயரத்தில் இருந்தது. அதிலும் மரப்பலகை, கிட்காட் (பீங்கான்) ஃப்யூஸில் முறுக்கிப் போட்ட தடித்த கம்பி! அதைக் கழற்றி, தண்ணீர்க் குழாய் ஓடாத சுவரில் ஐந்தடி உயரத்தில் கதவுள்ள இரும்புப் பெட்டி வைத்தோம். பாடிக்கு இரண்டு எர்த், நியூட்ரல் பட்டை தனி, எர்த் பட்டை தனி, ஒயர் நுழையும் துளைக்கெல்லாம் ரப்பர் புஷ். மீட்டர்களில் நாம் கை வைக்கக்கூடாது, இடம் மாற்ற மின்வாரியத்துக்கு மனு கொடுத்திருக்கிறோம்.

வீட்டுக்கு வீடு 30 மில்லியாம்பியர் ஆர்சிசிபி (கசிவைக் கண்டால் கரண்டை வெட்டும் சுவிட்ச்) வைக்கத் தீர்மானம் போட்டோமே, 24 வீட்டில் 20 முடிந்தது. எர்த் எவ்வளவு நன்றாக இருந்தாலும் இது வேண்டும். ஃபேஸில் போன கரண்ட் முழுதாக நியூட்ரலில் திரும்பாமல் ஆள் வழியாகக் கொஞ்சம் கசிந்தாலே விழுந்துவிடும், எம்சிபிக்கு அந்தக் கசிவு கண்ணிலேயே படாது. மூன்று வீட்டில் வைத்த அன்றே விழுந்துகொண்டே இருந்தது. பார்த்தால் இன்வெர்ட்டர் நியூட்ரல் மற்ற லைன் நியூட்ரலோடு கலந்து கிடக்கிறது. பிரித்துப் போட அரை நாள், அவ்வளவுதான். ஒரு வீட்டில் மட்டும் பொறுமையில்லாமல் யாரையோ கூப்பிட்டு டைரக்ட் கொடுத்துவிட்டார்கள். பெட்டியைத் திறந்தால் ஆர்சிசிபி அழகாக உட்கார்ந்திருக்கிறது, ஒயர் அதைச் சுற்றிப் போகிறது. அவர்களிடம் பேசிச் சரிசெய்தாயிற்று.

மீதி நான்கு வீடுகளும் தீபாவளிக்குள் முடித்துத் தாருங்கள். வைத்தவர்கள் மாதம் ஒருமுறை 'டி' பட்டனை அழுத்துங்கள், விழாவிட்டால் எனக்கு போன் செய்யுங்கள். கோடையில் குழிகளுக்கு வாரம் இரண்டு குடம் தண்ணீர் ஊற்ற வாட்ச்மேன் ஒப்புக்கொண்டிருக்கிறார், மூடிமேல் மட்டும் வண்டி நிறுத்தாதீர்கள்.

செயலாளர்