மழை பெய்தாலும் வகுப்பு நடக்க ஓர் அறை வேண்டும்: நன்கொடை வேண்டுகோள்

அன்புடையீர், வணக்கம்.

பேரணாம்பட்டில் எங்கள் தெருவுக்கு ஆம்பூர்ப் பக்கத்து ஷூ கம்பெனிகளின் அப்பர் (ஷூவின் மேல்பாகத் தோல்) மூட்டை ஆட்டோவில் வந்து இறங்கும். ஏஜெண்டு எண்ணிக் கொடுத்துவிட்டுப் போவார். அம்மா திண்ணையில் உட்கார்ந்து தைப்பார். பள்ளி விட்டு வந்த பிள்ளை முதலில் நூல் கோத்துக் கொடுக்கும், அப்புறம் தானே ஒரு ஜோடியைக் கையில் எடுக்கும். கூலி ஜோடிக் கணக்கு என்பதால் ஒரு கை கூடினால் அன்றைக்குப் பத்து இருபது ரூபாய் கூடும். அம்மாக்களைக் குறை சொல்ல எங்களுக்கு மனம் வரவில்லை. அந்தக் கூலியில் நாமும் அதைத்தான் செய்திருப்போம்.

கப்பலேறி வெளிநாடு போகிற ஷூ இது. கம்பெனிக்குள் சோதனைக்குப் போனால் ஒரு குழந்தையும் கண்ணில் படாது. தையல்தான் வீட்டுக்கு வந்துவிட்டதே. 14 வயதுக்குட்பட்டவர்களை எந்த வேலையிலும் வைக்கக் கூடாது என்று 2016இல் சட்டத்தைத் திருத்தினார்கள். சரி, ஆனால் பள்ளி நேரம் போகக் குடும்பத் தொழிலுக்கு உதவலாம் என்று ஒரு விலக்கும் வைத்தார்கள். யாராவது கேட்டால், 'அம்மாவுக்கு உதவி' என்று பதில் வந்துவிடுகிறது. பீடி சுற்றும் வீடுகளிலும் இதே பதில்தான்.

எனவே மாலை ஐந்திலிருந்து எட்டு வரை பிள்ளைகளைத் திண்ணையிலிருந்து கூட்டிவந்து பாடம் சொல்லித் தருகிறோம். 34 பேர் வருகிறார்கள். ஒரு கல்யாண மண்டபத்தில் இலவசமாக இடம் கொடுத்தார்கள்; முகூர்த்த நாளில் மட்டும் வகுப்பு கிடையாது. ஆவணியும் தையும் வந்தபோதுதான் அதன் அர்த்தம் புரிந்தது! இப்போது ஒரு வீட்டு வாசலில் நடத்துகிறோம். மழை வந்தால் பிள்ளைகள் ஊசிக்கே திரும்பிவிடுகிறார்கள்.

அறை வாடகை மாதம் 4,000 ரூபாய், இரண்டு ஆசிரியர்களுக்கு 12,000, சுண்டலுக்கு 3,000. ஓராண்டுக்கு 2,28,000 ரூபாய் ஆகிறது. கையில் 61,000 இருக்கிறது. சுண்டலைக் குறைக்கலாமே என்று குழுவிலேயே ஒருவர் கேட்டார். பசியோடு வரும் பிள்ளை ஆறரைக்கே தூங்கிவிடும் என்று ஆசிரியைகள் ஒத்துக்கொள்ளவில்லை.

ஞாயிறு காலை ரசீதுப் புத்தகத்தோடு வீடு வீடாக வருவோம். வெளியூரில் இருப்பவர்கள் இங்குள்ள சொந்தக்காரர் மூலம் கொடுத்தனுப்பலாம். மாதக் கணக்கை வகுப்பு வாசலில் ஒட்டிவைப்போம். பாதி எழுதிய நோட்டுகள் மட்டும் வேண்டாம், ஏற்கெனவே இரண்டு மூட்டை சேர்ந்துவிட்டது. டியூப் லைட் இருந்தால் கொடுங்கள்.

இப்படிக்கு,
மாலை வகுப்புக் குழுவினர், பேரணாம்பட்டு